தீர்ப்பு பெற்றபின் நம் கடமை



வழக்கில் வென்றதும் வேலை முடிந்ததென எண்ணுகிறோம். அது பிழை.

கழிவுநீர்க் குழிகளில் 1993 முதல் மாண்டோரின் குடும்பங்களுக்கு 10 லட்சம் ரூபாய் வழங்குமாறு உச்சநீதிமன்றம் 2014 மார்ச் 27இல் ஆணையிட்டது. 2023 அக்டோபரில் அதனை 30 லட்சமாக உயர்த்தியது. அத்தொகை கிட்டாத குடும்பத்தினர் உயர்நீதிமன்றத்தை நாடி, நகராட்சிக்கு ஆணை பெறலாம்.

ஆனால் ஆணைக்குக் கால்கள் இல்லை. சான்றிட்ட நகலை மனுவுடன் நகராட்சி ஆணையாளரிடம் அளித்து, நாளிட்ட ஒப்புகை பெறுங்கள். பின்னர் "எனக்குத் தெரியாது" என்று அவர் கூற இயலாது. அறிந்தே மீறுவதுதான் அவமதிப்பு.

கெடு கடந்தும் பணம் வராவிடில், 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி மனுச் செய்யலாம். 6 மாதம் வரை சிறையோ, 2,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்க இடமுண்டு. ஆயினும், மீறல் நிகழ்ந்த ஓராண்டிற்குள் மனுச் செய்தாக வேண்டும். ஆணை டிரங்குப் பெட்டியில் உறங்கினால் அந்த ஓராண்டு வீணே கழியும்.

அதிகாரியைச் சிறையிலிடுவது நம் நோக்கமன்று; கணவனை இழந்தவள் கையில் தொகை சேர்வதே நோக்கம். திருப்பாச்சூர் இளைஞர்களே! ஆளுக்கோர் ஆணையை ஏற்று, நிறைவேறும்வரை தொடருங்கள். இச்சங்கம் 25 ஆண்டுகள் கற்பித்த எழுத்திற்கு அதுவே பயன்.