கல்லணை கற்பித்த பாடம்



திருச்சிராப்பள்ளி மலைக்கோட்டையில் அருள்மிகு தாயுமானவரை வணங்கி, உச்சிப் பிள்ளையாரைத் தரிசிக்க மேலேறுகின்ற அன்பர்கள், வழியில் பாறையைக் குடைந்து அமைத்த கோயில் ஒன்றைக் காணலாம். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆட்சி புரிந்த முதலாம் மகேந்திரவர்ம பல்லவன் எடுப்பித்த கோயில் அது. அங்குள்ள வடமொழிக் கல்வெட்டு சுவையானதொரு செய்தியைச் சொல்கிறது. “மண்ணுலகில் தாழ்ந்த இடத்தில் கோயில் கொண்டால், சோழ வளநாட்டையும் காவிரி நதியையும் யாம் காண்பது எங்ஙனம்?” என்னும் கருத்துப்பட இறைவன் வினவினானாம். அதனால்தான் வானளாவிய இம்மலையில் மன்னன் கோயில் அமைத்தானாம்.

இறைவனே காண விரும்பியதாகக் கல்வெட்டுப் போற்றும் அக்காட்சியை, உச்சிப் பிள்ளையார் சந்நிதியின் முன் நிற்போர் இன்றும் காணலாம். வடக்கே காவிரி, அதற்கப்பால் தென்னஞ்சோலைகளுக்கிடையே அரங்கநாதப் பெருமான் பள்ளிகொண்டருளும் திருவரங்கத் தீவு, அதற்கும் வடக்கே கொள்ளிடம். மேற்கே முக்கொம்பில் ஒரே ஆறு இரண்டாகப் பிரிகிறது. கிழக்கே கல்லணைக்கருகில் இரண்டும் மீண்டும் நெருங்கி வருகின்றன. இவ்விரண்டு இடங்களும் உலகுக்கு ஒரு பாடம் புகட்டியுள்ளன. பழமை புதுமைக்கு எவ்வாறு ஆசானாக அமைகிறது என்பதே அப்பாடம்.

காவிரியைக் காட்டிலும் கொள்ளிடத்தின் படுகை தாழ்வானது. அதன் போக்கும் நேரானது. நீருக்குப் பள்ளத்தை நாடுவது இயல்பு. தீவின் கிழக்கு முனையில் உள்ளாறு என்னும் கால்வழியே காவிரி நீர் கொள்ளிடத்தில் விழுந்து, வீணே கடலைச் சேர்ந்துவிடும். அவ்வாறு நேர்ந்தால் தஞ்சை மண்டலத்தின் வயல்கள் வறண்டுவிடும். அந்த இழப்பைத் தடுத்து நிறுத்தியதே கல்லணை. அதனைக் கட்டியவன் சோழன் கரிகாற் பெருவளத்தான் என்பது வழிவழியாக வரும் மரபு. கரிகாலன் காவிரிக்குக் கரை கண்ட செய்தியை முதலாம் இராசேந்திர சோழனின் திருவாலங்காட்டுச் செப்பேடுகள் குறிக்கின்றன. தெலுங்கு நாட்டை ஆண்ட தெலுங்குச் சோடரும் தம்மைக் கரிகாலன் மரபினர் என்று கூறி, காவிரியைக் கட்டுப்படுத்திய அவன் செயலைத் தம் செப்பேட்டில் பெருமையுடன் பொறித்தனர்.

பழைய கல்லணை ஏறத்தாழ 329 மீட்டர் நீளமும், 20 மீட்டர் அகலமும் உடையது. அது நேர்க்கோடாக அமையாமல் வளைந்து நெளிந்து செல்வது. அது நின்ற இடமோ அடியில் பாறை தென்படாத ஆற்று மணல். மணலில் பெருங்கல்லை இட்டால், அடியிலுள்ள மணல் அரித்துச் செல்லக் கல் கீழே இறங்கும். அதன்மேல் மற்றொரு கல்லை இட்டால் அதுவும் இறங்கும். இவ்வாறு அடுக்கிக்கொண்டே சென்றால், ஓர் ஆழத்தில் மேலும் இறங்காமல் கற்கள் நிலைபெற்றுவிடும். களிமண்ணைச் சாந்தாகக் கொண்டு கற்களைப் பிணைத்து, அந்த அடித்தளத்தின்மேல் அணையை எழுப்பினர் நம் முன்னோர். மணலை எதிர்த்துப் போராடாமல், அதன் இயல்பை அறிந்து அதனையே துணையாக்கிக்கொண்ட அறிவு அது.

காலச் சக்கரம் சுழன்றது. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியார் ஆட்சியில் காவிரியின் தலைப்பு மணலால் மேடிட்டது. முக்கொம்பிலேயே பெருமளவு நீர் கொள்ளிடத்தின் பக்கம் திரும்பிவிட்டது. தஞ்சைத் தரணியின் உழவுத் தொழில் நலிவுறும் நிலை ஏற்பட்டது. அந்நிலையில் காவிரிப் பாசனத்தை ஆராயும் பொறுப்பு ஆர்தர் காட்டன் என்னும் இளம் பொறியாளரிடம் வந்தது. 1803இல் இங்கிலாந்தில் பிறந்தவர் அவர்.

அந்நாளில் ஆங்கிலேயர் பலர், இந்நாட்டுப் பழைய பணிகளைப் பொருட்படுத்தத் தக்கவை என எண்ணவில்லை. காட்டனோ கல்லணையின் அடித்தளத்தை ஆராய்ந்தார். பன்னெடுங்கால வெள்ளங்களைத் தாங்கிய அந்த அணை, வெறும் கல்லும் களிமண்ணுமாக மணலில் நிற்கக் கண்டு வியந்தார். ஆழம் காண இயலாத மணலில் அடித்தளம் அமைக்கும் வழியை இந்நாட்டுப் பழம் பொறியாளர்களிடமிருந்தே கற்றதாகப் பின்னாளில் அவர் வெளிப்படையாக எழுதினார். ஆளும் இனத்தைச் சேர்ந்த ஒருவர், ஆளப்பட்ட மக்களின் முன்னோரை ஆசான்களாக ஏற்றுக்கொண்டார். கற்பவனுக்கு முதலில் வேண்டுவது பணிவு என்னும் உண்மைக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ?

கற்ற பாடத்தைக் காட்டன் உடனே பயன்படுத்தினார். 1836 முதல் 1838 வரை முக்கொம்பில் கொள்ளிடத்தின் குறுக்கே மேலணை எழுந்தது. கொள்ளிடத்தின் கீழ்ப்பகுதியில் அணைக்கரை என்னுமிடத்தில் கீழணையும் அதே காலத்தில் கட்டப்பெற்றது. காவிரியில் மீண்டும் நீர் நிறைந்தது. பின்னர் அளவுக்கு மிஞ்சிய நீர் காவிரியில் புகத் தொடங்கவே, அதன் தலைப்பிலும் தரையளவில் ஓர் அணை கட்ட நேர்ந்தது. ஆறு என்பது ஒருமுறை கற்று முடித்துவிடும் நூலன்று என்பதை அந்நிகழ்ச்சி உணர்த்துகிறது.

இங்குக் கற்ற கல்வி அடுத்து வடக்கே சென்றது. கோதாவரி பாயும் நாட்டில் ஆற்று நீர் பெருகிக் கடலில் கலக்க, மக்கள் பஞ்சத்தால் மடிந்துகொண்டிருந்தனர். 1847 முதல் 1852 வரை தவளேசுவரத்தில், அகன்ற மணற்படுகையின்மேல் கோதாவரியின் குறுக்கே அணை கட்டினார் காட்டன். பஞ்சம் நிலவிய பகுதி நெற்களஞ்சியமாயிற்று. இன்று அங்கு நிற்கும் புதிய அணைக்கட்டு அவர் பெயரையே தாங்குகிறது. முற்காலத்தில் கரிகாலன் பெயரைப் போற்றிய தெலுங்கு நாட்டிற்கு, அவன் பெயரோடு விளங்கும் அணையின் நுட்பமும் இவ்வாறு சென்று சேர்ந்தது.

இந்தியப் பாசன அனுபவம் கடல் கடந்தும் பயன்பட்டது. எகிப்தில் கெய்ரோவுக்கு வடக்கே நைல் நதி இரண்டாகப் பிரியும் இடத்தில் ஆற்று மணலின்மேல் கட்டிய பேரணை, விரிசல் கண்டு பயனின்றிக் கிடந்தது. இந்தியாவில் பாசனப் பணியாற்றித் தேர்ந்த ஸ்காட் மான்கிரீஃப் முதலான பொறியாளர்கள் 1880களில் சென்று அதனைச் செப்பனிட்டுப் பயன்பாட்டிற்குக் கொண்டுவந்தனர்.

அன்பர்களே! இவற்றையெல்லாம் கேட்டு நம் முன்னோர் பெருமையை எண்ணி மகிழ்வது இயல்பு. ஆனால் பெருமை பேசுவது மட்டும் அணையைக் காப்பாற்றாது. 2018ஆம் ஆண்டு ஆகஸ்டு 22 அன்று இரவு, கொள்ளிடத்தில் பெருவெள்ளம் சென்றபோது, முக்கொம்பு மேலணையின் 45 மதகுகளில் 9 மதகுகள் இடிந்து வீழ்ந்தன. நூற்றெண்பது ஆண்டுகள் உழைத்த அணை அது. மணல் மூட்டைகளையும் பாறைகளையும் கொண்டு இரவு பகலாக நீரை மறித்தனர். பின்னர்ப் புதிய கதவணை கட்டப்பெற்றது. முன்னோர் தந்த செல்வம் எதுவாயினும், ஒவ்வொரு தலைமுறையும் அதனைப் பேணினால்தான் அது நிலைக்கும்.

கல்லணையும் அவ்வாறே பேணப்பட்டு வந்துள்ளது. 19ஆம் நூற்றாண்டில் அதன் மேற்பகுதியை உயர்த்தினர். மணல் தேங்காதிருக்க மதகுகள் அமைத்தனர். பழமையின்மேல் புதுமை அமர்ந்து, ஒன்றையொன்று தாங்கி நிற்கும் காட்சியையே இன்று அங்கு காண்கிறோம். மணலில் இட்ட முதற்கல் கண்ணுக்குத் தெரியாமல் ஆழத்தில் இறங்கிவிடுகிறது. ஆயினும் மேலே நிற்கும் கற்களையெல்லாம் தாங்குவது அதுவே. நம் வாழ்வில் முன்னோர் நிற்கும் நிலையும் அதுவன்றோ?

ஆடித் திங்களில் நம்பெருமாள் அம்மா மண்டபத்திற்கு எழுந்தருளி, காவிரித் தாய்க்குச் சீர் வழங்கி அருள்கின்றார். பெருமானே சீர் அளித்துச் சிறப்பிக்கும் ஆற்றில், பழைய துணிகளையும் பிளாஸ்டிக் பைகளையும் நாம் எறிந்து வருவது முறையாகுமா? நீராட வரும் ஒவ்வொருவரும் ஆற்றைத் தூய்மையாக விட்டுச் செல்வோம் என உறுதி கொண்டால், அதுவும் காவிரித் தாய்க்கு நாம் அளிக்கும் சீரேயாகும்.

அடுத்தமுறை மலைக்கோட்டைக்கு வரும்போது, பிள்ளையாரை வணங்கியபின் சிறிது நேரம் வடக்கு நோக்கி நில்லுங்கள். உடன் வரும் குழந்தைகளுக்கு இரு ஆறுகளையும் காட்டுங்கள். மணலில் கல்லடுக்கிய முன்னோரின் அறிவையும், அவர்களிடம் பாடம் கேட்ட அயல்நாட்டாரின் பணிவையும் எடுத்துச் சொல்லுங்கள். இறைவன் காண விரும்பிய அக்காட்சி, வரும் தலைமுறையினர் கண்களுக்கும் வற்றாது வளமுற விளங்கத் தாயுமானவரும் திருவரங்கப் பெருமானும் திருவருள் புரிவார்களாக!