கன்சாஸ் புல்வெளியில் ஒரு வீடு

அமெரிக்கப் புல்வெளி வாழ்க்கை என்றதும் வாசகர் பலர் சொல்லும் பெயர், லாரா இங்கல்ஸ் வைல்டர் 1935-இல் வெளியிட்ட 'லிட்டில் ஹவுஸ் ஆன் த ப்ரேரி'. மண்ணில் வேரூன்றிய குடும்பத்தின் கதை என்று பெயர் வாங்கிய நாவல். ஆனால் அந்தக் குடும்பம் கன்சாஸில் தங்கியது 1869 முதல் 1871 வரைதான். அதுவும் ஓசேஜ் பழங்குடியினரின் நிலத்தில், எந்தப் பத்திரமும் இல்லாமல். கிளம்பும்போது லாராவுக்கு நான்கு வயது. பெற்றோர் சொல்லக் கேட்டதைத்தான் அறுபது தாண்டி எழுதினார். அப்படியானால் அந்த ஒட்டுதல் எங்கிருந்து வந்தது? உழைப்பிலிருந்து என்பேன். ஒரு ஆணிகூட இல்லாமல், மரமுளை அடித்து, தோல்வாரைக் கீலாக்கி அப்பா கதவு செய்யும் பக்கங்களைப் படித்தால் புரியும்.

சிறுவர் கதையில் நில உரிமைக் கணக்கு எதற்கு என்று கேட்கலாம். நியாயந்தான்; ஆனால் அந்தப் பேச்சை எடுப்பதே நாவல்தான். ராணுவம் வெளியேற்ற வருகிறது என்று கோபத்தோடு குடும்பம் புறப்படுவதாகக் கதை முடிகிறது. உண்மையில், விஸ்கான்சினில் அவர்கள் விற்ற வீட்டுக்கு வாங்கியவரால் பணம் கட்ட முடியவில்லை. திரும்பிப் போக அவர்களுக்கு ஒரு வீடு இருந்தது. ஓசேஜ் மக்களுக்கோ கன்சாஸே இல்லாமல் போனது. இன்றைய ஓக்லஹோமாவுக்குப் பெயர்ந்தார்கள். இழந்தவர்கள் யார் என்பதைக் கதை தலைகீழாக்கிவிடுகிறது. அதற்காக நூலைத் தூக்கியெறிய வேண்டியதில்லை. 2018-இல் அமெரிக்க நூலகர்கள் சிறுவர் இலக்கிய விருதிலிருந்து லாராவின் பெயரை எடுத்தார்கள். ஆனால் அவர்கள்கூட நூலைப் படிக்காதீர்கள் என்று சொல்லவில்லை.