வெலிங்டன் வளர்த்த கீப்பர்

கீப்பர் ஆக வேண்டும் என்று என்னிடம் வருகிற பையன்கள் முதலில் கேட்பது கிளவுஸைப் பற்றி. எந்தக் கம்பெனி, என்ன விலை, ஆன்லைனில் வாங்கினால் தள்ளுபடி உண்டா. இரண்டாவதாகக் கேட்பது, காலால் பந்தை எப்படி ஆடுவது. மூன்றாவதை யாரும் கேட்பதில்லை, நானாகத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது: பந்தைக் கையால் பிடிப்பது எப்படி?

ஈரோட்டில் வ.உ.சி. பூங்கா மைதானத்துப் பக்கம் காலையில் நடக்கப் போகிறவர்கள் என் சத்தத்தைக் கேட்டிருப்பீர்கள். போன மாதம் ஒரு பையன் நேராகவே கேட்டுவிட்டான். "ஏனுங் சார், பிரேசில் கீப்பர் எடர்சன் எல்லாம் கால்லயே பாஸ் போட்டு ஆடறாரு. நீங்க இன்னும் கையப் பத்தியே பேசிட்டிருக்கீங்களே?" கேள்வி நியாயம்தான். 1992-ல் சட்டம் மாறியது. சொந்த அணிக்காரர் காலால் தள்ளிவிடும் பந்தை கீப்பர் கையால் எடுக்கக் கூடாது என்றார்கள். அதிலிருந்து கீப்பருக்குக் காலும் வேண்டும். வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் கார்னர் வருகிறபோது கோல் கோட்டில் ஆணி அடித்தாற்போல் நிற்கிறவனுக்கு எடர்சனின் பாஸ் எதற்கு? கார்னரைப் பிடிக்கத் தெரிந்த பிறகு பாஸ் போடட்டும்.

அதனால் இன்றைக்கு நான் பேசப்போவது பீட்டர் தங்கராஜைப் பற்றி. 2024-ல் 'மைதான்' படம் வந்தபோது சில பேருக்கு அந்தப் பெயர் அறிமுகமாயிற்று. இந்தப் பக்கத்து ஆட்களுக்கு அதற்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். ஏனென்றால் அவர் கீப்பராக வளர்ந்தது நமக்கு மேலே இருக்கிற மலையில். மேட்டுப்பாளையத்திலிருந்து மலை ரயிலில் ஏறினால் குன்னூரைத் தாண்டி வருகிற வெலிங்டனில்.

பிறந்தது ஹைதராபாத்தில், 1935-ல். தமிழ்க் குடும்பம். செகந்திராபாத்தில் மார்னிங் ஸ்டார், ஃப்ரெண்ட்ஸ் யூனியன் என்ற கிளப்புகளில் ஆடிவிட்டு, 1953 வாக்கில் பட்டாளத்தில் சேர்ந்து வெலிங்டனில் உள்ள மதராஸ் ரெஜிமென்டல் சென்டருக்கு வந்தார். வந்தபோது அவர் கீப்பர் இல்லை. சென்டர் ஃபார்வர்டு. கோல் போடுகிறவர். பிறகுதான் கோல் காக்கப் போனார். இதை நினைவில் வையுங்கள், இதற்குத் திரும்ப வருவேன்.

அந்த ரெஜிமென்ட் அணி 1955-ல் டூரண்டு கோப்பையை வென்றது. 1958-ல் மறுபடியும் வென்றது. அந்தக் காலத்தில் டூரண்டை எடுத்தவர்கள் யார் யார் என்று பாருங்கள். ஹைதராபாத் சிட்டி போலீஸ், ஈஸ்ட் பெங்கால், மோகன் பகான். அந்த ஜாம்பவான்களுக்கு நடுவில் நீலகிரியிலிருந்து ஒரு பட்டாள அணி இறங்கிப் போய் இரண்டு தடவை கோப்பையோடு மலை ஏறியிருக்கிறது. நம் ஊரில் எத்தனை பேருக்கு இது தெரியும்? ஊட்டிக்குப் போகிறோம், வர்க்கி வாங்குகிறோம், திரும்புகிறோம்.

எனக்கு கீப்பிங் சொல்லிக்கொடுத்தவரும் மதராஸ் ரெஜிமென்டில் இருந்தவர்தான். ஓய்வு பெற்று இங்கே வந்து குடியேறினார். தங்கராஜோடு ஆடினீர்களா ஐயா என்று கேட்டால், "நான் சேர்றப்ப அவரு கல்கத்தாவுக்குப் போயிட்டாருப்பா. பேரு மட்டும் கிரவுண்டுல இருந்துச்சு" என்பார். அந்தப் பெயரை வைத்தே எங்களை வறுத்தெடுத்தார். கிராஸ் வரும்போது நான் கோட்டிலேயே நின்றால் மைதானத்தின் அந்த மூலையிலிருந்து சத்தம் வரும்: "ஏன் கண்ணு, கால்ல வேர் உட்டுப்போச்சா? வெளிய வா!"

வெளியே வா. எங்களுக்குக் கிடைத்த பாடம் அவ்வளவுதான். இன்று இந்த ஒன்றைத்தான் உங்களுக்கும் திரும்பத் திரும்பச் சொல்லப்போகிறேன்.

கோல் எத்தனை பெரியது? அகலம் 24 அடி, உயரம் 8 அடி. அதை ஒரு மனிதன் தன் உடம்பால் அடைக்க முடியாது. கோட்டில் நின்றுகொண்டு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பாய்ந்தால் பார்க்க அழகாக இருக்கும், போட்டோவுக்கு நன்றாக வரும், கைதட்டும் கிடைக்கும். ஆனால் பாதி நாள் அந்தப் பாய்ச்சலே தேவைப்பட்டிருக்காது, இரண்டு அடி முன்னால் நின்றிருந்தால். பந்தோடு வருகிறவனை நோக்கி நீங்கள் முன்னே வர வர, அவன் கண்ணுக்குக் கோல் சுருங்கும். நீங்கள் பெரிதாகத் தெரிவீர்கள். தங்கராஜ் ஆறடிக்கு மேல் உயரம். அவர் முன்னே வந்தால் அடிக்கிறவனுக்கு என்ன தெரிந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

இப்போது கிராஸுக்கு வருகிறேன். எனக்குப் பிடித்த இடம் இது. கொஞ்ச நேரம் எடுத்துக்கொள்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

விங்கிலிருந்து பந்து உயரமாக வருகிறது. ஃபார்வர்டு அதைத் தலையால் முட்ட எம்புகிறான். கீப்பரும் எம்புகிறார். ஃபார்வர்டுக்கு எட்டுவது தலை உயரம். கீப்பருக்கு எட்டுவது கை உயரம். கிட்டத்தட்ட இரண்டு அடி லாபம். மைதானத்தில் வேறு யாருக்கும் இல்லாத சலுகை அது. ஆனால் அந்த லாபம், போய் எடுக்கிறவனுக்குத்தான். கோட்டில் நிற்கிறவனுக்கு ஒன்றும் இல்லை.

பையன்கள் செய்கிற தப்பு, பந்து காலை விட்டுக் கிளம்பியதுமே ஓடிவிடுவது. அப்படி ஓடினால் பாதி வழியில் பந்து தலைக்கு மேலே போகும். முதலில் பார். எங்கே விழும், எவ்வளவு வேகம், காற்று எந்தப் பக்கம். அதற்கு ஒரு கணம் போதும். முடிவு செய்துவிட்டால் அப்புறம் தயங்காதே. "கீப்பர்!" என்று கத்து. உன் டிஃபெண்டருக்குக் கேட்க வேண்டும், எதிராளிக்கும் கேட்க வேண்டும். ஒற்றைக் காலில் எம்பு. மற்ற முழங்காலை மடக்கி மேலே தூக்கு. அது உயரமும் கொடுக்கும், இடிக்க வருகிறவனிடமிருந்து காப்பாற்றவும் செய்யும். இரண்டு கட்டை விரலும் பந்துக்குப் பின்னால் நெருங்கி இருக்கட்டும். பந்தை நெற்றிக்கு முன்னால், எட்டுகிற அதிக உயரத்தில் எடு. தலைக்குப் பின்னால் போகவிட்டு எடுக்காதே. எடுத்ததும் நெஞ்சோடு சேர்த்துக்கொள்.

இவ்வளவுதான். ஆனால் தங்கராஜ் காலத்தில் இதை எப்படிச் செய்தார்கள் என்று பாருங்கள். தோல் பந்து. மழை பெய்தால் தண்ணீர் குடித்துக் கனமாகிவிடும். இன்றைய ரப்பர் ஒட்டுகிற கிளவுஸ் கிடையாது. பெரும்பாலும் வெறும் கை. அதைவிட மோசம், பந்தைப் பிடித்திருக்கிற கீப்பரை எதிராளி தோளால் இடிக்கலாம் என்று அன்றைக்குச் சட்டமே இருந்தது. 1958-ல் இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டத்தில் போல்டன் அணியின் நாட் லாஃப்ட்ஹவுஸ், பந்தைக் கையில் வைத்திருந்த மான்செஸ்டர் யுனைடெட் கீப்பர் ஹாரி கிரெக்கை இடித்துக் கோலுக்குள் தள்ளினார். கோல் கொடுத்தார்கள்! அதே 1958-ல்தான் பீட்டர் தங்கராஜ் ஆசியாவின் சிறந்த கீப்பர் என்று தேர்வானார். அந்த அடிதடியில், அந்தப் பந்தை, வெறும் கையோடு, வெளியே வந்து பிடித்தவர்.

இப்போது சென்டர் ஃபார்வர்டு விஷயத்துக்குத் திரும்புகிறேன். கோல் போட்டுப் பழகியவனுக்கு, ஃபார்வர்டு எந்த இடத்தில் பந்தை எதிர்பார்ப்பான், எப்போது தலை நிமிர்வான், எந்தக் காலுக்கு மாற்றுவான் என்பதெல்லாம் உடம்பிலேயே இருக்கும். அதனால்தான் தங்கராஜின் கணிப்பைப் பற்றி எல்லோரும் பேசினார்கள். அதோடு பிடித்த பந்தை அவர் வைத்துக்கொண்டு நிற்பவர் இல்லை. கையால் எறிந்தாலும் சரி, காலால் உதைத்தாலும் சரி, நெடுந்தூரம் போகும். நம் அணியின் தாக்குதல் அங்கேயே ஆரம்பித்துவிடும். கீப்பர் தாக்குதலைத் தொடங்குவது நேற்று முளைத்த கண்டுபிடிப்பு என்று நினைக்கிற தம்பிகள் இதைக் கேட்டுக்கொள்ளட்டும்.

1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் இந்தியா நான்காவது இடம். அந்த அணியில் தங்கராஜும் பம்பாயில் ஆடிய எஸ்.எஸ். நாராயணும் கீப்பர்கள். அதற்கு நாலு வருஷம் முன்பு ஹெல்சிங்கியில் யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்ற நாடு, மெல்போர்னில் அதே யூகோஸ்லாவியாவோடு அரையிறுதி ஆடி 4-1 என்று தோற்றது. அந்த ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கிய சோவியத் அணியின் கீப்பர் லெவ் யாஷின். கோட்டை விட்டு வெளியே வருவதை உலகத்துக்கே கற்றுக்கொடுத்தவர் என்று யாஷினைச் சொல்வார்கள். வெலிங்டனில் வளர்ந்த நம் ஆளும் அதே போட்டியில் இருந்தார். 1960 ரோம் ஒலிம்பிக்கிலும் தங்கராஜ் ஆடினார். அங்கே பிரான்சோடு 1-1 என்று டிரா. அதே 1960-ல் சர்வீசஸ் அணி முதன்முதலாகச் சந்தோஷ் டிராஃபியை வென்றபோது கேப்டன் அவர்தான்.

ஜகார்த்தா, 1962. ஆசிய விளையாட்டு. 'மைதான்' படம் இதைப் பற்றியதுதான், கதையைச் சொல்லத் தேவையில்லை. எனக்கு முக்கியமாகப் படுகிற ஒன்றை மட்டும் சொல்கிறேன். தங்கராஜுக்குக் காய்ச்சல். அவர் இல்லாத ஆட்டங்களில் வங்காளத்துப் பிரத்யுத் பர்மன் கோல் காத்தார், நன்றாகவே காத்தார். இறுதி ஆட்டம் தென்கொரியாவோடு. முதல் சுற்றில் நம்மை 2-0 என்று ஜெயித்த அணி. பயிற்சியாளர் ரஹீம் யாரை இறக்குவது? நன்றாக ஆடிக்கொண்டிருப்பவரையா, காய்ச்சலிலிருந்து எழுந்து வந்தவரையா?

தங்கராஜை இறக்கினார். இன்றைய பயிற்சியாளர் எவருக்கும் அந்தத் தைரியம் வருமா என்பது சந்தேகம். ஜெயிக்கிற அணியை மாற்றாதே என்பார்கள். ரஹீம் சரியாகவே செய்தார் என்பது என் கட்சி. கொரியர்கள் உயரப் பந்தை நம்பி ஆடினால் எட்டிப் பிடிக்க ஓர் ஆள் வேண்டும். மைதானம் முழுக்க நமக்கு எதிராகக் கூச்சல். இஸ்ரேலையும் தைவானையும் சேர்க்காத விவகாரத்தில் நம் அதிகாரி ஜி.டி. சோந்தி பேசியதால் இந்தோனேசியர்களுக்கு நம் மேல் கோபம். அந்தச் சத்தத்தில் "கீப்பர்!" என்று கத்தினாலும் டிஃபெண்டருக்குக் கேட்காது. பி.கே. பானர்ஜி ஒன்று, ஜர்னைல் சிங் ஒன்று. கொரியா கடைசி நேரத்தில் ஒன்று போட்டது. 2-1, தங்கம். அந்த அணியில் அருமைநாயகம், எத்திராஜ் என்று நம் பக்கத்துப் பெயர்களும் இருந்தன.

1964 ஆசியக் கோப்பையில் இரண்டாம் இடம். கல்கத்தாவில் மூன்று பெரிய கிளப்புகளுக்கும் ஆடினார்: முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால். அதிக காலம் ஈஸ்ட் பெங்காலில். 1967-ல் அர்ஜுனா விருது. 1971-ல் ஆட்டத்தை விட்டார். பிறகு பயிற்சியாளராக இருந்து, கடைசியில் பொகாரோவில் தங்கிவிட்டார். 2008 நவம்பரில் அங்கேயே காலமானார். நம் பத்திரிகைகளில் அன்றைக்கு அது எவ்வளவு சின்னச் செய்தியாக வந்தது என்று எனக்கு இன்னும் மனத்தாங்கல்.

வேறு நாட்டில் ஒரு கீப்பரை எப்படிக் கொண்டாடுகிறார்கள் என்று பாருங்கள். 1986 உலகக் கோப்பையைத் தூர்தர்ஷனில் பார்த்தவர்கள் இருந்தால் மொராக்கோவின் பாது ஸாக்கியை நினைவிருக்கும். இங்கிலாந்து, போலந்து, போர்ச்சுகல் இருந்த பிரிவில் மொராக்கோ முதலிடம் பிடித்தது. மேற்கு ஜெர்மனியிடம் ஆட்டம் முடியப்போகிற நேரத்து ஃப்ரீ கிக்கில்தான் தோற்றது. அந்த வருஷம் ஆப்பிரிக்காவின் சிறந்த ஆட்டக்காரர் விருது ஸாக்கிக்கு. கவனியுங்கள், ஒரு கீப்பருக்கு. அந்த நாட்டில் ஸாக்கி பெயர் தெரியாத சின்னப் பையன் இருக்க மாட்டான். இங்கே நான் தங்கராஜ் என்றால் எந்த வார்டு கவுன்சிலர் என்று கேட்கிறார்கள்.

நம் பகுதியில் ஆர்வம் இல்லை என்று சொல்ல முடியாது. 2019 மார்ச்சில் கோயமுத்தூர் நேரு ஸ்டேடியத்தில் சென்னை சிட்டி அணி மினர்வா பஞ்சாபை 3-1 என்று ஜெயித்து ஐ-லீக் வாங்கிய நாள், கேலரியில் எனக்குத் தொண்டை கட்டிவிட்டது. முன்னால் உட்கார்ந்திருந்த பையன்கள் ஃபார்வர்டு பெட்ரோ மான்ஸி பெயரையே கத்திக்கொண்டிருந்தார்கள். அன்றைக்கு கீப்பர் நௌஸெட் சந்தானா ஒவ்வொரு கிராஸுக்கும் எங்கே நின்றார் என்பதை நான் மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். கீப்பராக இருந்தவன் ஆட்டம் பார்ப்பது அப்படித்தான்.

கடைசியாக ஒரு வழக்கு. இந்தியாவின் சிறந்த கீப்பர் யார்? குர்பிரீத் சிங் சந்துவா, பீட்டர் தங்கராஜா? மைதானத்தில் தினமும் நடக்கிற சண்டை இது. குர்பிரீத் ஐரோப்பாவில் ஆடியவர், தங்கராஜைவிட உயரம், 2019-ல் அவருக்கும் அர்ஜுனா கிடைத்தது. எல்லாம் உண்மை. ஆனால் தங்கராஜுக்குப் பிறகு இன்னொரு கீப்பருக்கு அர்ஜுனா கொடுக்க முப்பது வருஷம் ஆயிற்று. 1997-ல் கோவாவின் பிரம்மானந்துக்குக் கொடுத்தார்கள். அதுவரை அந்த இடத்தில் நிறுத்த விருது கொடுப்பவர்களுக்கு ஆள் தெரியவில்லை. தங்கராஜ் ஆடியதை நீங்கள் நேரில் பார்த்தீர்களா என்று பையன்கள் மடக்குகிறார்கள். பார்க்கவில்லை. இருந்தாலும் தங்கராஜ்தான். மாற்றுக் கருத்து உள்ளவர்கள் வானொலி நிலையத்துக்குக் கடிதம் போடுங்கள். இல்லையென்றால் காலையில் மைதானத்துக்கே வாருங்கள், பேசிக்கொள்ளலாம். வருகிறவர்கள் கிளவுஸ் கொண்டுவர வேண்டாம்.