பாட்டெழுதிப் பிழைத்தவர்: சேலம் வழியாக வந்த மருதகாசி

(நமது சங்கத்தின் மாலைக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். கூட்டத்துக்கு வர முடியாதவர்களுக்காக இங்கே வெளியிடுகிறோம்.)



முதலில் உங்களிடம் ஒரு கேள்வி. 1957-இல் வந்த 'மக்களைப் பெற்ற மகராசி' படத்தை இங்கே உள்ள பெரியவர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். சிவாஜி நம்ம ஊர்ப் பேச்சில், கொங்குத் தமிழில் பேசி நடித்த படம். வசனம் எழுதிய ஏ.பி. நாகராஜன் சங்ககிரி பக்கத்து அக்கமாபேட்டைக்காரர். அதில் மாடு கட்டி ஏர் உழுகிற பாட்டு ஒன்று வருமே, அதைப் பாடியது யார்? டி.எம். சௌந்தரராஜன் என்று பாதிப் பேர் இப்போதே சொல்லிவிட்டீர்கள். இசை? கே.வி. மகாதேவன் என்று இரண்டு மூன்று பேர் சொல்கிறீர்கள். சரி, எழுதியது யார்?

பார்த்தீர்களா, சத்தத்தையே காணோம். எழுதியவர் பெயர் அ. மருதகாசி. இன்றைக்கு நான் பேச வந்தது அவரைப் பற்றியும், அவர் செய்த தொழிலைப் பற்றியும்தான்.

அந்தப் பாட்டை மனதுக்குள் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். மணப்பாறையிலிருந்து மாடு வருகிறது. நம்ம ஆத்தூரிலிருந்து விதைநெல் வருகிறது. அறுப்புக்கு மதுரைப் பக்கத்து ஆட்கள். விளைந்தது பொள்ளாச்சிச் சந்தைக்குப் போய், விருதுநகர் வியாபாரி கையில் சேர்ந்து பணமாகிறது. அந்தப் பணம் கடைசியில் அம்மா கைக்குப் போகிறது. உழவிலிருந்து வரவு செலவு வரைக்கும் ஒரு வருடத்து வெள்ளாமையை மூன்று நான்கு நிமிடத்தில் அடக்கிவிட்டார். வயலில் இறங்கி நின்றவனுக்குத்தான் அந்த வரிசை பிசகாமல் வரும்.

சேலத்து வாசல்

மருதகாசி பிறந்தது 1920 பிப்ரவரி 13. அன்றைய திருச்சி மாவட்டத்து மேலக்குடிகாடு, இன்றைக்கு அது அரியலூர் மாவட்டம். விவசாயக் குடும்பம். கும்பகோணத்தில் படித்தார். பாபநாசம் சிவனின் அண்ணன் ராஜகோபால ஐயரிடம் பாட்டெழுதும் பயிற்சி பெற்றார். பிறகு நாடகக் கம்பெனிக்குப் பாட்டெழுதிக் கொடுத்தார். நாடகத்தில் அன்றைக்கு ராத்திரியே ரசிகர்கள் தீர்ப்புச் சொல்லிவிடுவார்கள். பாட்டு பிடிக்கவில்லை என்றால் கொட்டகையில் பீடி பற்றவைக்க வெளியே போய்விடுவார்கள். நல்ல பள்ளிக்கூடம் அது.

அங்கிருந்து அவர் வந்து சேர்ந்த இடம் நம்ம சேலம். ஏற்காடு சாலையில் இன்றைக்கு முகப்பு வளைவு மட்டும் மிச்சமாக நிற்கிறதே, அந்த மாடர்ன் தியேட்டர்ஸ். அதைக் கட்டிய டி.ஆர். சுந்தரம் நமக்குப் பக்கத்து ஊர், திருச்செங்கோட்டுக்காரர். நெசவுத் தொழில் குடும்பம். இங்கிலாந்துக்குப் போய் ஜவுளித் தொழில்நுட்பம் படித்துவிட்டு வந்தவர். படம் எடுப்பதையும் ஒரு மில் நடத்துவதுபோல நடத்தினார். நேரத்துக்கு வேலை, மாதத்துக்குச் சம்பளம். நூறு படத்துக்கு மேல் எடுத்தார். நாம் திருச்செங்கோடு பஸ்ஸில் போகிற இதே ரோட்டில் அவருடைய காரும் எத்தனையோ தடவை போயிருக்கும்.

அந்த ஸ்டூடியோவின் 'மாயாவதி'தான் மருதகாசிக்கு முதல் படம். 1949. அடுத்த ஆண்டு 'மந்திரி குமாரி'. கலைஞர் கருணாநிதி வசனம், எம்.ஜி.ஆர். நடிப்பு, ஜி. ராமநாதன் இசை. பாடல்களை மருதகாசியும் கவி கா.மு. ஷெரீப்பும் எழுதினார்கள். 1956-இல் 'அலிபாபாவும் 40 திருடர்களும்', தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம். ஏ.எம். ராஜாவும் பானுமதியும் பாடிய அந்தக் காதல் பாட்டு மருதகாசி எழுதியது.

அவர் மட்டுமில்லை. கண்ணதாசன் சேலத்தில் இருந்து, மாடர்ன் தியேட்டர்ஸின் 'சண்டமாருதம்' பத்திரிகையைப் பார்த்துக்கொண்டவர். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் 1956-இல் வந்த 'பாசவலை' படத்துக்காக இங்கே எழுதியவர். தமிழ்நாட்டுப் பாட்டெழுத்தாளர்கள் வரிசையில் முன்னால் நிற்கிற இத்தனை பேரும் சேலத்துத் தண்ணீர் குடித்தவர்கள். இதை நம் பிள்ளைகளுக்குச் சொல்லித் தர வேண்டும்.

தறியும் மெட்டும்

இந்த வேலை எப்படி நடக்கிறது? நம்ம ஊரில் தறி தெரியாத வீடு குறைவு. அதனால் தறியை வைத்தே சொல்கிறேன்.

பாவு முதலில் ஏறிவிடுகிறது. ஊடை அதற்குள் ஓட வேண்டும். சினிமாவில் மெட்டுதான் பாவு, சொல்தான் ஊடை. இயக்குநர் காட்சியைச் சொல்வார். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் மெட்டு போட்டு, 'தன்னான தானே' என்று சொல் இல்லாமல் பாடிக் காட்டுவார். அதற்குத் தத்தகாரம் என்று பெயர். அந்த 'தன்னான தானே'வுக்குள் 'பொன்னான நாளே' என்று போட்டால் உட்காரும். 'நல்ல நாள் வந்தது' என்று போட்டால், பொருள் சரியாக இருந்தாலும் பாடகர் வாயில் இடறும். குறில் எங்கே, நெடில் எங்கே என்று கணக்குப் பார்க்க வேண்டும். இழுத்துப் பாடுகிற இடத்தில் நெடில் இருந்தால்தான் குரல் நிற்கும். இத்தனையும் பார்த்த பிறகு, கேட்கிறவருக்குக் கணக்கே தெரியக்கூடாது. பேசுகிற மாதிரி இருக்க வேண்டும்.

கே.வி. மகாதேவன் வேறு மாதிரி. பாட்டை முதலில் எழுதி வாங்கிக்கொண்டு அதற்கு மெட்டு போடுவதில் பெயர் எடுத்தவர். எழுதுகிறவருக்கு அது பெரிய சுதந்திரம். 1958-இல் வந்த 'சம்பூர்ண ராமாயணம்', 1960-இல் வந்த 'பாவை விளக்கு' ஆகிய படங்களின் பாடல்களைக் கேட்டுப் பாருங்கள். மகாதேவனும் மருதகாசியும் சேர்ந்தால் தமிழ் எவ்வளவு தெளிவாகக் காதில் விழுகிறது என்று தெரியும். ஜி. ராமநாதனிடம் 'தூக்குத் தூக்கி'யில் தெருக்கூத்து வேகத்துக்கு எழுதியவரும் இதே ஆள்தான்.

மொத்தம் நாலாயிரம் பாட்டுக்கு மேல் எழுதினார் என்பார்கள். 'திரைக்கவித் திலகம்' என்று பட்டம் கிடைத்தது.

இறங்குமுகம்

இப்போது கஷ்டமான பகுதிக்கு வருகிறேன்.

பாட்டெழுதியே பிழைத்தவர்கள் சிலருக்கு ஒரு கட்டத்தில் ஆசை வரும்: 'நம்ம பாட்டால்தானே படம் ஓடுகிறது, நாமே ஒரு படம் எடுத்தால் என்ன?' மருதகாசியும் தயாரிப்பில் இறங்கினார். 1959-இல் வந்த 'அல்லி பெற்ற பிள்ளை'. கையைக் கடித்தது. கண்ணதாசனும் சொந்தப் படம் எடுத்துக் கடனில் சிக்கினார். அந்தக் கதையை அவரே எழுதி வைத்திருக்கிறார்.

அதே சமயத்தில் காலமும் மாறியது. பட்டுக்கோட்டையார் 1959 அக்டோபரில், 29 வயதில் இறந்துபோனார். கண்ணதாசனும் விஸ்வநாதன் ராமமூர்த்தியும் சேர்ந்து அறுபதுகளின் ஓசையையே மாற்றினார்கள். தயாரிப்பாளர்கள் அங்கே வரிசையில் நின்றார்கள். பத்து வருடம் ஓய்வில்லாமல் எழுதியவருக்கு வேலை குறைந்தது. அவர் என்ன செய்தார் தெரியுமா? சென்னையை விட்டுவிட்டு ஊருக்குப் போய் விவசாயம் பார்த்தார். ஏர் உழுகிற பாட்டை எழுதியவர் மறுபடியும் வயலுக்கே போனார்.

நாலாயிரம் பாட்டு எழுதியவருக்கு, வேலை நின்ற அன்றே வருமானமும் ஏன் நிற்க வேண்டும்? பாட்டுகள் ரேடியோவில் ஓடிக்கொண்டுதானே இருந்தன? கல்யாண வீட்டு மைக்செட்டில் ஓடினவே, இசைத்தட்டு விற்றதே?

இங்கேயும் தறிதான் பதில். கூலிக்கு நெய்கிறவரைப் பாருங்கள். நூல் முதலாளியுடையது, சேலைக்கு இவ்வளவு கூலி. சேலை கடைக்குப் போய் எத்தனை மடங்கு விலைக்கு விற்றாலும் நெய்தவருக்கு அந்தக் கூலி மட்டும்தான். சேலையில் கடைக்காரர் பெயர்தான் இருக்கும். சினிமாப் பாட்டும் அப்படித்தான் இருந்தது. பாட்டுக்கு இவ்வளவு என்று கையில் கொடுப்பார்கள், அதோடு கணக்கு முடிந்தது. இசைக்கும் பாட்டுக்கும் உரிமைத்தொகை வசூலிக்க 1969-இல் ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கம் தொடங்கினார்கள். ஆனால் 1977-இல் உச்ச நீதிமன்றம், கூலி கொடுத்து எழுதி வாங்கிய பாட்டுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், தயாரிப்பாளரே உரிமையாளர் என்று தீர்ப்புச் சொன்னது.

மருதகாசிக்கு நல்ல காலம் ஒரு தடவை திரும்பி வந்தது. 1967-இல் சின்னப்பா தேவர் எடுத்த எம்.ஜி.ஆர். படம் 'விவசாயி'. அந்தத் தலைப்புப் பாட்டை எழுதியவர், சிலகாலம் நிஜமாகவே விவசாயியாக இருந்துவிட்டு வந்த மருதகாசி. இன்றைக்கும் உழவர் கூட்டம் எங்கே நடந்தாலும் அந்தப் பாட்டு ஒலிக்கிறது. அதன் பிறகும் எழுதினார். 1989 நவம்பர் 29-இல் காலமானார். 2007-இல் தமிழ்நாடு அரசு அவருடைய பாடல்களை நாட்டுடைமை ஆக்கியது.

இப்போது என்ன மாறியிருக்கிறது?

இந்தப் பகுதி பின்வரிசைத் தம்பி தங்கைகளுக்கும், அவர்களைப் பெற்றவர்களுக்கும்.

2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள். கவிஞர் ஜாவேத் அக்தர் மாநிலங்களவையில் இதற்காக வாதாடினார். அந்தத் திருத்தப்படி, பாட்டைத் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்தாலும், தியேட்டரில் படத்தோடு ஓடுவது தவிர மற்ற இடங்களில் அந்தப் பாட்டு பயன்படும்போது வருகிற உரிமைத்தொகையில் எழுதியவருக்குப் பங்கு உண்டு. அந்தப் பங்கை வாரிசுகளுக்கோ, உரிமைத்தொகை வசூலிக்கும் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் எழுதிக் கொடுக்க முடியாது. 'விட்டுக்கொடுத்துவிட்டேன்' என்று பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாலும் அது செல்லாது. கூலி நெசவாளிக்கு, சேலை விற்கிற ஒவ்வொரு தடவையும் ஒரு பங்கு வருகிற மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் சட்டம் தானாக வீட்டுக்கு வந்து பணம் கொடுக்காது. அதனால் நம் வீட்டுப் பிள்ளை ஒன்று 'நான் பாட்டெழுதப் போகிறேன்' என்று சொன்னால், பெற்றவர்கள் நீங்கள் உடனே 'அது சோறு போடுமா?' என்று கேட்டு வாயை அடைத்துவிட வேண்டாம். நான்கு காரியம் சொல்லிக் கொடுங்கள்.

ஒன்று, தமிழ் யாப்பும் நாட்டுப்புறப் பாட்டும் படிக்கட்டும். மெட்டுக்குள் சொல்லை உட்காரவைக்கும் கணக்கு அங்கேதான் இருக்கிறது. இரண்டு, எதற்கும் எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும். வாட்ஸ்அப்பில் பாட்டை அனுப்பிவிட்டு 'அண்ணன் பார்த்துக்குவார்' என்று இருக்கக்கூடாது. எழுதியதன் பிரதியைத் தேதியோடு வைத்துக்கொள்ள வேண்டும். மூன்று, முதல் பாட்டு வெளிவந்ததும் ஐ.பி.ஆர்.எஸ்.-இல் உறுப்பினராகி, பாட்டைத் தன் பெயரில் பதிவு செய்ய வேண்டும். யூடியூப்பில் தனிப்பாட்டாக வெளியிட்டாலும் இது பொருந்தும். நான்கு, இன்னொரு வருமானம் கையில் இருக்கட்டும். மருதகாசிக்கு நிலம் இருந்தது. வேலை இல்லாத வருடங்களில் அது அவரைத் தாங்கியது. பாட்டெழுதுகிற தொழிலில் வெள்ளாமையும் உண்டு, வறட்சியும் உண்டு.

நாம் செய்யக்கூடியது

முடிக்கும் முன்பு ஒரு வேண்டுகோள். இலங்கை வானொலி கேட்டு வளர்ந்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். பாட்டு போடுவதற்கு முன்னால் படம், பாடியவர், இசை, பாடல் இயற்றியவர் என்று எல்லாப் பெயரையும் அறிவிப்பாளர் சொல்வார். நம்மில் பல பேருக்கு மருதகாசி என்ற பெயர் அப்படித்தான் காதில் விழுந்தது. இப்போது அந்தப் பழக்கம் போய்விட்டது. செல்போனில் கதாநாயகன் படம்தான் வருகிறது.

நம் சங்கத்துப் பொங்கல் விழாவில் பிள்ளைகள் வருடாவருடம் பாடுகிறார்கள், ஆடுகிறார்கள். அடுத்த பொங்கலிலிருந்து மேடையில் பெயர் அறிவிக்கிறவர் பாடல் எழுதியவர் பெயரையும் சேர்த்துச் சொல்லட்டும். ஆடப்போகிற பிள்ளையே அந்தப் பெயரைத் தேடிக் கண்டுபிடித்து எழுதிக் கொடுக்கட்டும். செலவு ஒரு ரூபாய் இல்லை. செயலாளர் தலையை ஆட்டிவிட்டார், அதனால் இது தீர்மானம் மாதிரிதான்.

நெய்த சேலையில் நெசவாளி பெயரைப் போட நம் கையில் அதிகாரம் இல்லை. பாடுகிற பாட்டுக்கு எழுதியவர் பெயரைச் சொல்வது நம் கையில்தான் இருக்கிறது.