சம்பளம் பிச்சையா, பாத்தியதையா?

(நாகர்கோவிலில் செய்யப்பட்ட சொற்பொழிவின் சுருக்கம்)



சர்க்கார் உத்தியோகஸ்தனுக்குச் சம்பளம் பாக்கி நின்றால், அதைக் கேட்டு வாங்க அவனுக்குப் பாத்தியதை உண்டா என்பது பற்றிப் பேசும்படி நமக்குச் சொல்லியிருக்கிறார்கள். இதில் கேள்வி எதற்கு என்று உங்களில் சிலர் நினைக்கலாம். களை பறித்தவளுக்குக் கூலி கொடுக்காவிட்டால் நாஞ்சில் நாட்டு வரப்பிலேயே சண்டை வந்துவிடும். ஆனால் ஆபீசில் எழுதியவன் மாத்திரம் மேலதிகாரி முன் தலையைச் சொறிந்துகொண்டு நிற்கிறான். வக்கீல் வீட்டுக்கு நடக்க வெட்கப்படுகிறவன், சுசீந்திரம் ஆஞ்சநேயருக்கு வடைமாலை நேர்ந்துகொள்ள வெட்கப்படுவதில்லை.

நம் பக்கத்தாருக்கு இந்தப் புத்தி வந்ததில் அதிசயமில்லை. 1750-ல் மார்த்தாண்ட வர்மா திருவிதாங்கூர் ராஜ்யத்தையே பத்மநாபசுவாமிக்கு ஒப்படைத்துவிட்டுத் தம்மை அவருக்குத் தாசன் என்றார். அரசரே தாசனானால் குமாஸ்தா யார்? தாசனுக்குத் தாசன்! அப்படிப்பட்டவனுக்குச் சம்பளம் ஏது, பிரசாதந்தானே உண்டு?

வெள்ளைக்காரன் சட்டமாவது யோக்கியமாக இருந்ததா என்றால் அதுவும் இல்லை. ராஜாவின் ஊழியன் சம்பளப் பாக்கிக்காக வழக்காட முடியாது என்று 1926-ல் ஸ்காட்லாந்தில் ஒரு தீர்ப்பு. அதைப் பிடித்துக்கொண்டு 1948-ல் லண்டன் பிரிவி கவுன்சில், ஐ.எம். லால் என்ற ஐ.சி.எஸ். உத்தியோகஸ்தரை நீக்கியது செல்லாது என்று சொல்லிவிட்டு, ஆனால் சம்பளப் பாக்கி கிடையாது என்றது. ஐ.சி.எஸ்.காரனுக்கே இந்தக் கதியென்றால் பியூன் கதி என்ன?

இந்தப் புரட்டை உடைத்தது பீகார் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் அப்துல் மஜீதின் வழக்கு. 1940-ல் வேலையிலிருந்து நீக்கப்பட்டுப் பின்னர் திரும்ப எடுத்துக்கொள்ளப்பட்ட அவர், இடைக்காலத்துச் சம்பளத்தைக் கேட்டார். 1954-ல் சுப்ரீம் கோர்ட் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. அது சொன்ன நியாயத்தைக் கவனியுங்கள். சர்க்கார் ஊழியன் கடன்பட்டால், கடன் கொடுத்தவன் அவனுடைய சம்பளத்தை ஜப்தி செய்யச் சிவில் நடைமுறைச் சட்டம் நெடுநாளாய் இடம் கொடுத்து வருகிறது. சம்பளம் வெறும் தயவென்றால் அதை ஜப்தி செய்வது எப்படி? வட்டிக்காரன் கேட்டால் கொடுக்க வேண்டிய பணம், உழைத்தவனே கேட்டால் மாத்திரம் தருமமாகிவிடுமா? நமக்குத் தெரிந்தமட்டில், புத்தியுள்ளவன் எவனும் இதற்கு மறுமொழி சொல்ல முடியாது.

பென்ஷனும் அப்படியே. அது இனாமல்ல, சொத்து என்று 1971-ல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் முடிவாயிற்று.

சர்க்கார் கையில் பணமில்லை என்பது அடுத்த சாக்கு. கொரோனாக் காலத்தில், 2020 மார்ச்சு மாதக் கடைசியில், ஆந்திர சர்க்கார் சம்பளத்திலும் பென்ஷனிலும் ஒரு பகுதியைத் தள்ளிவைத்தது. ஓய்வுபெற்ற ஜில்லா நீதிபதி ஒருவர் வழக்குப் போட்டார். 2021 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட், வேலை செய்தவனுக்குச் சம்பளம் உரிமைப்பட்டதே என்று சொல்லித் தாமதத்துக்கு 6 சதவிகித வட்டியும் கொடுக்கச் சொன்னது. ஹைகோர்ட் சொன்ன வட்டி 12. பாதியாகக் குறைத்ததில் நமக்குத் திருப்தியில்லை. என்றாலும் வட்டி என்று ஒன்று வந்ததே பெரிது.

பணமில்லை என்கிறவர்கள் அரசியல் சட்டத்தின் 290-ஏ பிரிவையும் பார்க்கட்டும். 1956 நவம்பர் 1-ந் தேதி திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து தமிழ்நாட்டோடு சேர்ந்த நம் பகுதிகளின் கோவில்களுக்காக, வருஷந்தோறும் 13 லட்சத்து 50 ஆயிரம் ரூபாய் கஜானாவிலிருந்து கொடுத்தாக வேண்டுமென்று அதில் எழுதியிருக்கிறது. இதற்குச் சட்டசபையில் ஓட்டுக்கூட வேண்டியதில்லை. சாமி மனுப்போட்டுக் காத்திருந்ததாக நாம் கேள்விப்படவில்லை.

ஆகையால் பாக்கி உள்ளவர்கள் முதலில் எழுத்து மூலம் கேளுங்கள். கொடுத்ததற்கு ரசீது வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். ஹைகோர்ட்டுக்குப் போவதானால் நமக்கு மதுரைக் கிளை 2004 முதல் இருக்கிறது. சிவில் கோர்ட்டில் வழக்கிடுவதானால் 80-வது பிரிவுப்படி இரண்டு மாத நோட்டீசு சர்க்காருக்குக் கொடுக்க வேண்டும். சம்பளப் பாக்கிக்கு வாய்தா மூன்று வருஷம். மேலதிகாரி மனமிரங்குவாரென்று நாலாம் வருஷம்வரை காத்திருந்தவனுக்கு, முதல் வருஷப் பாக்கி கைவிட்டுப் போயிற்று.