பர்மிஷன் டினைட்



ஆற்காட்டிலிருந்து ஆரணிக்குப் போகிற வழியில் இருக்கிறது திமிரி. வேலூர் மாவட்டத்தில் இருந்த ஊர். 2019 நவம்பர் 28 முதல் ராணிப்பேட்டை மாவட்டத்து ஊர். தோல் பதனிடும் தொழிலும் காலணித் தொழிலும் சோறு போடுகிற வட்டாரம் இது. அந்தத் தொழிலாளிகளின் பிள்ளைகள் பலர் இன்று கணினி படிக்கிறார்கள். காலையில் பஸ் ஏறி ஆற்காடு, ராணிப்பேட்டை, வேலூர் என்று கல்லூரிக்குப் போகிறார்கள். லேபில் செய்த ப்ராஜெக்டைப் பென் டிரைவில் போட்டுக்கொண்டு சாயங்காலம் வீடு திரும்புகிறார்கள். வீட்டு மடிக்கணினியில் கறுப்புத் திரையைத் திறந்து, மதியம் லேபில் தட்டிய அதே கட்டளையைத் தட்டினால் இரண்டே வார்த்தையில் எல்லாம் நின்றுவிடுகிறது: ‘பர்மிஷன் டினைட்.’

இதைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். சின்ன விஷயமாகத் தெரியும். ஆனால் இதற்குப் பிள்ளைகள் பார்க்கிற வைத்தியம் எனக்குக் கவலை தருகிறது. ‘சூடோ போட்டு ஓட்டுடா’ என்பான் ஒரு நண்பன். ‘செவன் செவன் செவன் கொடுத்திடு, எல்லாம் சரியாயிடும்’ என்பான் இன்னொருவன். முன்னது கணினியின் முழு அதிகாரத்தோடு கட்டளையை ஓட்டுவது, பின்னது கோப்பின் அனுமதியை எல்லோருக்கும் திறந்துவிடுவது. அந்த நேரத்துக்கு வேலை ஆகிவிடும். ஆனால் இரண்டுமே தப்பு. எப்படித் தப்பு, சரியான வழி எது என்று சொல்கிறேன்.

முதலில், பில்ட் ஸ்கிரிப்ட் என்றால் என்ன என்று கேட்கும் பெற்றோருக்காக ஒரு வார்த்தை. நாம் எழுதுகிற நிரலைக் கணினி ஓட்டக்கூடிய மென்பொருளாக மாற்றப் பல கட்டளைகளை வரிசையாகத் தர வேண்டும். ஒவ்வொரு முறையும் கையால் தட்டாமல், அவற்றை ஒரே கோப்பில் எழுதிவைத்து அந்தக் கோப்பையே ஓடச்சொல்வது வழக்கம். அதுதான் பில்ட் ஸ்கிரிப்ட். இந்த வேலைக்கென்றே 1976-இல் பெல் ஆய்வகத்தில் ஸ்டூவர்ட் ஃபெல்ட்மன் எழுதிய ‘மேக்’ என்ற கருவி இன்றைக்கும் உலகம் முழுக்க ஓடிக்கொண்டிருக்கிறது.

அதே பெல் ஆய்வகத்தில்தான் 1969-இல் கென் தாம்சனும் டெனிஸ் ரிச்சியும் யூனிக்ஸ் என்ற இயங்குதளத்தைத் தொடங்கினார்கள். அப்போது ஆளுக்கொரு கணினி கிடையாது. ஒரே இயந்திரத்தில் பல பேர் வேலை செய்தார்கள். ஒருவர் கோப்பை இன்னொருவர் அழித்துவிடக் கூடாது. அதனால் ஒவ்வொரு கோப்புக்கும் ஒரு உரிமையாளர், அவர் என்ன செய்யலாம், மற்றவர் என்ன செய்யலாம் என்ற கணக்கு வந்தது. அதை மாற்றுகிற ‘சிஎச்மோட்’ கட்டளை, 1971-இல் வந்த யூனிக்ஸின் முதல் கையேட்டிலேயே இருக்கிறது. இன்று நம் பிள்ளைகள் தட்டுவதும் அதே கட்டளைதான்.

தமிழக அரசு 2011 செப்டம்பர் 15-இல் தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டம் பலருக்கு நினைவிருக்கும். அதில் வந்த பல மடிக்கணினிகளில் விண்டோஸோடு பாஸ் லினக்ஸும் இருந்தது. யூனிக்ஸ் வழியைப் பின்பற்றும் டெபியன் லினக்ஸை அடிப்படையாக வைத்துச் சென்னை சி-டாக் உருவாக்கியது அது. எங்கோ அமெரிக்க ஆய்வகத்தில் பிறந்த இந்த அனுமதி முறை, அந்த மடிக்கணினி வழியாக நம் ஊர்த் தெருக்களுக்கே வந்து சேர்ந்துவிட்டது. யாரும் பிள்ளைகளை உட்கார வைத்து அதைச் சொல்லித்தரவில்லை என்பதுதான் குறை.

சரி, வேலைக்கு வருவோம். பேனா, காகிதம் பக்கத்தில் இருந்தால் எடுத்துக்கொள்ளுங்கள்.

லினக்ஸில் ‘பர்மிஷன் டினைட்’ என்று வந்தவுடன் எதையும் மாற்றாதீர்கள். முதலில் பாருங்கள். எல், எஸ், ஒரு இடைவெளி, ஒரு சிறு கோடு, மறுபடி எல். இவ்வளவுதான் தட்ட வேண்டியது. ஒவ்வொரு கோப்புக்கும் ஒரு வரி வரும். அந்த வரியின் முதல் பத்து இடங்களைப் பாருங்கள். முதல் இடத்தில் சிறு கோடு இருந்தால் அது சாதாரணக் கோப்பு, டி என்று இருந்தால் ஃபோல்டர். பிறகு மூன்று மூன்றாக ஒன்பது இடங்கள். முதல் மூன்று உரிமையாளருக்கு, அடுத்த மூன்று அவருடைய குழுவுக்கு, கடைசி மூன்று மற்ற எல்லோருக்கும். ஆர் என்றால் படிக்கலாம், டபிள்யூ என்றால் எழுதலாம், எக்ஸ் என்றால் ஓட்டலாம். அந்த எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் கோடு இருந்தால் அந்த உரிமை இல்லை. அதே வரியில் கொஞ்சம் தள்ளி உரிமையாளரின் பெயரும் இருக்கும். அது உங்கள் பெயரா, கணினியின் தலைமைக் கணக்கான ‘ரூட்’ என்று இருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள். பாதிக் குழப்பம் இந்த ஒரு வரியிலேயே தீர்ந்துவிடும்.

உங்கள் பெயர்தான் இருக்கிறது, ஆர் இருக்கிறது, டபிள்யூ இருக்கிறது, மூன்றாவது இடத்தில் மட்டும் கோடு. அப்படியானால் கோப்பு உங்களுடையது, ஓட்டும் உரிமை மட்டும் இல்லை. இதற்குத் தேவை ஒரே ஒரு எக்ஸ். சிஎச்மோட், இடைவெளி, யூ பிளஸ் எக்ஸ், இடைவெளி, கோப்பின் பெயர். யூ என்பது உரிமையாளரைக் குறிக்கும். உங்களுக்கு மட்டும் ஓட்டும் உரிமை சேர்ந்துவிடும், வேறு எதுவும் மாறாது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். எக்ஸ் யாருக்குமே இல்லாத கோப்பை சூடோ போட்டு நேரடியாக ஓட்டப் பார்த்தாலும் ஓடாது. ரூட்டாகவே இருந்தாலும் யாராவது ஒருவருக்கு எக்ஸ் இருந்தால்தான் ஓட்ட முடியும். ‘கமாண்ட் நாட் ஃபவுண்ட்’ என்று வேறொரு செய்தி வந்து பிள்ளையை இன்னும் குழப்பும். கோப்பு கண்ணெதிரே இருக்கிறது, இல்லை என்கிறதே என்று பதறுவார்கள். அப்புறம் ‘சூடோ பாஷ்’ என்று போட்டு ஸ்கிரிப்டின் பெயரைக் கொடுப்பார்கள். அது ஓடிவிடும். அடுத்த சங்கடம் அங்கேதான் தொடங்குகிறது.

சூடோ போட்டு ஒரு ப்ராஜெக்டை பில்ட் செய்தால், அதில் உருவாகிற ஒவ்வொரு கோப்பும், ஒவ்வொரு ஃபோல்டரும் ரூட்டின் பெயரில் உருவாகும். நாளைக்கு நிரலில் ஒரு வரியைத் திருத்திவிட்டு, சூடோ இல்லாமல் பில்ட் செய்தால், நேற்று உருவான கோப்பின் மேல் எழுத உங்களுக்கு உரிமை இல்லை. மறுபடியும் பர்மிஷன் டினைட். மறுபடியும் சூடோ. இப்படியே போய், சூடோ இல்லாமல் எதுவுமே நகராத நிலைக்கு அந்த ப்ராஜெக்ட் வந்துவிடும். ஏற்கெனவே இந்த நிலையில் இருப்பவர்களுக்கு மருந்து ஒன்று உண்டு. சூடோ, சிஎச்ஓன், சிறு கோடு பெரிய ஆர், உங்கள் பயனர் பெயர், ப்ராஜெக்ட் ஃபோல்டரின் பெயர். ஒரே ஒரு முறை இதைச் செய்து உரிமையைத் திரும்ப உங்கள் பெயருக்கு மாற்றிக்கொள்ளுங்கள். ஃபோல்டர் பெயரைத் தட்டும்போது மட்டும் நிதானம் தேவை. தவறி வெறும் சாய்கோடு விழுந்துவிட்டால் முழுக் கணினிக்கும் உரிமை மாறிப்போகும்.

பில்ட் செய்ய சூடோ தேவைப்படுவது மிக அபூர்வம். செய்து முடித்ததை எல்லோருக்கும் பொதுவான இடத்தில் நிறுவும்போதுதான் அது தேவை. உங்கள் ஹோம் ஃபோல்டருக்குள்ளேயே நிறுவிக்கொண்டால் அதற்கும் தேவையில்லை. கல்லூரி லேபில் சூடோ உரிமை தரவில்லையே என்று வருத்தப்படும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது, உங்கள் வேலைக்கு அது வேண்டியதே இல்லை.

இனி பென் டிரைவ். லேபில் ஓடியது வீட்டில் ஓடாததற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம். கடையில் வாங்கும் பென் டிரைவ்கள் பெரும்பாலும் ஃபாட் வகை அமைப்பில் இருக்கும். விண்டோஸ், டிவி, மியூசிக் சிஸ்டம் எல்லாவற்றுக்கும் பொருந்துகிற அமைப்பு அது. ஆனால் யூனிக்ஸ் சொல்கிற உரிமையாளரும் எக்ஸும் அதில் எழுதிவைக்க இடமே கிடையாது. லேபில் நீங்கள் கொடுத்த எக்ஸ், பென் டிரைவில் ஏறும்போதே தொலைந்துவிடுகிறது. பென் டிரைவில் இருந்தபடியே சிஎச்மோட் கொடுத்தாலும் ஒட்டாது. கட்டளையில் பிழை என்று நினைத்து மீண்டும் மீண்டும் தட்டுவதில் பயனில்லை. ப்ராஜெக்டை முதலில் ஹோம் ஃபோல்டருக்குள் காப்பி செய்யுங்கள். அங்கே வைத்து எக்ஸ் கொடுங்கள்.

இதைவிட நல்ல வழி, லேபிலேயே முழு ஃபோல்டரையும் ‘டார்’ கட்டளையால் ஒரே கோப்பாகக் கட்டிக் கொண்டுவருவது. டார் கோப்புக்குள் அனுமதிகள் பத்திரமாக இருக்கும். வீட்டில் ஹோம் ஃபோல்டரில் வைத்துப் பிரித்தால் எக்ஸ் இருந்த இடத்தில் எக்ஸ் இருக்கும். விண்டோஸில் உருவாக்கிய ஜிப் கோப்பில் அது இருக்காது. நிரலின் பதிப்புகளைச் சேமித்துவைக்கும் ‘கிட்’ கருவியைப் பயன்படுத்துபவர்களுக்குக் கூடுதல் வசதி. கிட், கோப்பு ஓட்டக்கூடியதா இல்லையா என்பதை நினைவில் வைத்துக்கொள்ளும். ஆண்ட்ராய்டு ப்ராஜெக்ட் செய்பவர்கள் ‘கிரேடில்டபிள்யூ’ என்ற பில்ட் ஸ்கிரிப்டில் அடிக்கடி முட்டிக்கொள்வதற்குப் பெரும்பாலும் காரணம், அதை விண்டோஸிலிருந்து ஏற்றியவர் எக்ஸ் சேர்க்காமல் விட்டதுதான்.

ஃபோல்டருக்கு எக்ஸ் எதற்கு என்று கேட்பார்கள். ஷூ கம்பெனி வாசலில் நின்று உள்ளே யார் யார் வேலை செய்கிறார்கள் என்ற பட்டியலை வாசிப்பது வேறு, கேட்டைத் தாண்டி உள்ளே போவது வேறு. ஃபோல்டரில் ஆர் இருந்தால் பெயர்ப் பட்டியல் தெரியும். எக்ஸ் இருந்தால்தான் உள்ளே போக முடியும். கோப்புக்கு எல்லா அனுமதியும் இருந்தும், அதற்கு மேலே உள்ள ஏதோ ஒரு ஃபோல்டரில் எக்ஸ் இல்லாததால் பில்ட் நின்றுபோவது உண்டு.

விண்டோஸ் பக்கம் இரண்டே விஷயம். சி நிரலை பில்ட் செய்யும்போது, வெளியீட்டுக் கோப்பைத் திறக்க முடியவில்லை, பர்மிஷன் டினைட் என்று வந்தால், பெரும்பாலும் அனுமதிக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. நீங்கள் முன்பு ஓட்டிய அதே நிரல் இன்னும் மூடப்படாமல் பின்னால் ஓடிக்கொண்டிருக்கும். ஓடுகிற கோப்பின் மேல் விண்டோஸ் எழுதவிடாது. அந்த ஜன்னலை மூடுங்கள், இல்லையென்றால் டாஸ்க் மேனேஜரில் போய் நிறுத்துங்கள். இரண்டாவது, விண்டோஸின் கட்டளைச் சாளரமான பவர்ஷெல்லில் ஸ்கிரிப்ட் ஓட்டத் தடை என்று வரும் செய்தி. அந்தத் தடைக்கு ஒரு பின்னணி உண்டு. 2000 மே மாதம் ‘ஐ லவ் யூ’ என்ற பெயரில் மின்னஞ்சலில் வந்த ஒரு ஸ்கிரிப்ட் உலகம் முழுக்கக் கணினிகளை நாசம் செய்தது. இணைப்பைத் திறந்ததும் அது ஓடியது, அவ்வளவுதான் நடந்தது. 2006-இல் பவர்ஷெல் வந்தபோது, ஸ்கிரிப்ட் தானாக ஓடாதபடி பூட்டியே வந்தது. ‘எக்ஸிக்யூஷன் பாலிசி’யை உங்கள் பயனர் கணக்குக்கு மட்டும் ‘ரிமோட் சைன்ட்’ என்று மாற்றினால் போதும். நீங்கள் எழுதியது ஓடும், இணையத்திலிருந்து இறக்கியது கையெழுத்து இல்லாமல் ஓடாது. ‘அன்ரெஸ்ட்ரிக்டட்’ என்று முழுக்கத் திறந்துவிடாதீர்கள்.

இப்போது அந்த செவன் செவன் செவனுக்கு வருகிறேன். படிக்க நான்கு, எழுத இரண்டு, ஓட்ட ஒன்று, கூட்டினால் ஏழு. மூன்று ஏழு என்றால் அந்தக் கணினியில் கணக்கு உள்ள யாரும் உங்கள் கோப்பைப் படிக்கலாம், திருத்தலாம், ஓட்டலாம். லேபில் நாற்பது பேர் ஒரே சர்வரில் வேலை செய்கிறார்கள் என்று வையுங்கள். யாரோ ஒருவர் உங்கள் பில்ட் ஸ்கிரிப்டில் ஒரு வரி சேர்த்துவிட்டுப் போகலாம். அடுத்த முறை நீங்கள் அதை ஓட்டும்போது, அந்த வரி உங்கள் பெயரில், உங்கள் உரிமையோடு ஓடும். முழு ஹோம் ஃபோல்டருக்கும் 777 கொடுத்துவிட்டால், வேறு கணினிக்குள் நுழைய வைத்திருக்கும் உங்கள் எஸ்எஸ்எச் சாவிக் கோப்பும் எல்லோருக்கும் திறந்துவிடும். அப்படித் திறந்து கிடக்கும் சாவியை எஸ்எஸ்எச் ஏற்காது. ஒரு பிழையைத் தீர்க்கப்போய் இன்னொன்றை வாங்கிக்கொள்வீர்கள். ஸ்கிரிப்டுக்கு 755 தாராளம். சாதாரணக் கோப்புக்கு 644 போதும்.

பில்ட் ஸ்கிரிப்டை இவ்வளவு பயந்து பார்க்க வேண்டுமா என்று கேட்டால், 2024 மார்ச் 29-இல் வெளியான செய்தியைச் சொல்வேன். லினக்ஸ் கணினிகளில் எங்கும் இருக்கும் ‘எக்ஸ்இசட்’ என்ற சுருக்கும் கருவியின் 5.6.0, 5.6.1 பதிப்புகளில் யாரோ கள்ளவாசல் ஒன்றை வைத்திருந்தார்கள். அது உள்ளே நுழைந்த வழி பில்ட் ஸ்கிரிப்ட். சோதனைக் கோப்புகள் என்ற பெயரில் உள்ளே கிடந்த தீய நிரலை, பில்ட் நடக்கும்போது அந்த ஸ்கிரிப்ட் எடுத்து மென்பொருளோடு சேர்த்துவிடும். ஆண்ட்ரஸ் ஃப்ராய்ண்ட் என்ற பொறியாளர், எஸ்எஸ்எச் நுழைவு வழக்கத்தைவிட அரை விநாடி தாமதமாவதைக் கவனித்துத் துருவியதால் அது வெளியே வந்தது. டெபியனின் சோதனைப் பதிப்புகள் வரை வந்துவிட்ட அந்த நிரல், நிலைப் பதிப்புக்குள் நுழையும் முன் பிடிபட்டது. பில்ட் ஸ்கிரிப்ட் என்பது பல நேரம் வேறொருவர் எழுதிய கட்டளை, உங்கள் அதிகாரத்தில் ஓடுவது. அதற்கு எவ்வளவு அதிகாரம் தருகிறீர்கள் என்பது உங்கள் கையில்தான் இருக்கிறது.

கல்லூரிகளில் கணினி லேபைப் பார்த்துக்கொள்ளும் ஆசிரியர்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. முதல் வாரத்திலேயே, சி நிரலுக்கு முன்னால், அந்தப் பத்து எழுத்தை வாசிக்கச் சொல்லித்தாருங்கள். ஒரு வகுப்பு நேரம் போதும். பிழை வந்த மாணவரிடம் சூடோ கடவுச்சொல்லைத் தருவதற்கு முன், கோப்பு யாருடைய பெயரில் இருக்கிறது என்று அவரையே பார்த்துச் சொல்லச் சொல்லுங்கள். தமிழில் படிக்க விரும்பும் பிள்ளைகளுக்கு, 2012 முதல் வந்துகொண்டிருக்கும் கணியம் இதழில் லினக்ஸ் பற்றிய கட்டுரைகள் எளிய தமிழில் இலவசமாகக் கிடைக்கின்றன. அதையும் அவர்களுக்குச் சொல்லிவிடுங்கள்.