மண் பூசும் கைகள்



அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத்தில், வறண்ட உயர் மலைகளுக்கு நடுவே லாஸ் திராம்பாஸ் என்னும் சிற்றூர் அமைதியாக இருக்கிறது. ஸ்பானிய ஆட்சிக்காலத்தில், 1751-இல், 12 குடும்பங்கள் அங்கே குடியேறின. அவர்கள் எழுப்பிய புனித யோசேப்பு ஆலயத்தின் சுவர்கள் வெயிலில் காய்ந்த பச்சைமண் கற்களால் ஆனவை. மழையும் பனியும் அவற்றைக் கரைக்கும். ஆகவே ஊரார் கூடி, மண்ணும் வைக்கோலும் குழைத்து மீண்டும் மீண்டும் பூசிவர வேண்டும். ஒரு தலைமுறை கைகட்டி நின்றால் போதும், இரண்டு நூற்றாண்டு கடந்த ஆலயம் மண்ணோடு மண்ணாகிவிடும்.

அங்கே செல்லும் பயணிகள் சுவரைக் காண்கிறார்கள். நாம் அதைப் பூசிய கைகளையும் நினைப்போம். நம் விசுவாசமும் முன்னோர் கட்டித் தந்ததுதான். அது கரையாமல் காக்க வேண்டியவர்கள் நாமே. நம் வீட்டில் குடும்பச் செபம் எப்போது நின்றது? இன்றிரவே மீண்டும் தொடங்குவோம். ஆமென்.